நீல்ஸ் ரூபெர்க்: 18ம் நூற்றாண்டு டேனிஷ் வியாபாரி பத்தி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யாருங்க இந்த நீல்ஸ் ரூபெர்க்?

1725 செப்டம்பர் 2 பிறந்து 1804 ஆகஸ்ட் 29 செத்துப்போன டென்மார்க்காரர், 79 முடிய நாலு நாள்தான் பாக்கி. டென்மார்க்கோட ஜட்லாண்ட் தீபகற்பத்துல சாலிங்னு ஒரு பகுதி, அங்க ரூபெர்க்னு சின்ன கிராமம், அதுல ஒரு குத்தகை விவசாயி வீட்டுப் பையன். பின்னாடி கோபன்ஹேகன்ல நாட்டோட முதல் வரிசை வியாபாரிகள்ல ஒருத்தரா ஆகிட்டாரு. கப்பல், காப்பீடு, கம்பெனி நிர்வாகம், எஸ்டேட், லினன் (ஆளிச் செடி நார்ல நெய்யற துணி) ஃபேக்டரின்னு எல்லாத்துலயும் கை வச்சவர். டேனிஷ் சரித்திரத்துல இவர "நல்ல பண்ணையார்", "ஏழைங்களுக்கு வேலை குடுத்தவர்"னு ஒரு பக்கம் எழுதுவாங்க, இன்னொரு பக்கம் கடத்தல் வியாபாரமும் அடிமை வணிகக் கம்பெனியும் அதே பேர்லதான் இருக்கு. ரெண்டையும் தனித்தனி ஆள் மாதிரி பேசுறதுதான் எனக்குப் பிடிக்கல, அதனால கீழ எல்லாத்தையும் ஒண்ணாவே போட்டிருக்கேன்.

ஊர் பேரையே குடும்பப் பேரா வச்சுக்கிட்டாரா?

ஆமா. அப்போ டேனிஷ் கிராமத்துல அப்பா பேரோட "சன்" சேர்த்துக்கிறதுதான் வழக்கம். ஊரை விட்டு டவுனுக்குப் போய் வியாபாரத்துல இறங்கினவங்க தனியா ஒரு பேர் தேடிக்கிறது சகஜம், இவரு பிறந்த கிராமத்தையே எடுத்துக்கிட்டாரு. குத்தகை விவசாயி மகன்ங்கறத மறைக்காம பேர்லயே வச்சுக்கிட்டாருன்னு நான் படிக்கிறேன், உங்களுக்கு வேற மாதிரி தோணலாம்.

விவசாயி மகன் ஊரை விட்டு எப்படி வெளிய வந்தாரு? அப்போ அடிமைத்தனம் மாதிரி ஒரு சட்டம் இருந்துச்சாமே?

நீங்க சொல்றது "ஸ்டவ்ன்ஸ்போன்". 1733 பிப்ரவரில வந்த சட்டம், அப்போ நீல்ஸுக்கு 7 வயசு. 14 வயசுலேர்ந்து 36 வயசு வரைக்கும் இருக்கற விவசாயக் குடும்பத்து ஆம்பளைங்க, பிறந்த எஸ்டேட்ட விட்டு முதலாளி அனுமதி இல்லாம போகக்கூடாது. முதலாளிக்கு கூலி ஆள் கிடைக்கணும், ராஜாவுக்கு படைக்கு ஆள் கிடைக்கணும், ரெண்டுக்கும் ஒரே கயிறு. பின்னாடி வயசு வரம்ப கீழயும் மேலயும் நீட்டிக்கிட்டே போய் கடைசில 4 வயசு குழந்தைலேர்ந்து 40 வயசு வரைக்கும் கொண்டு வந்துட்டாங்க. நம்மூர் பண்ணையாள் கதைய கேட்டவங்களுக்கு இது புதுசா இருக்காது.

நீல்ஸ் சின்ன வயசுலயே வடக்கு ஜட்லாண்ட்ல இருக்கற ஆல்போர்க் டவுனுக்கு, வியாபாரம் பண்ணிக்கிட்டிருந்த சொந்தக்காரர் வீட்டுக்கு அனுப்பப்பட்டுட்டாரு, அங்கதான் கணக்கு, கடை, சரக்கு எல்லாம் கத்துக்கிட்டது. அந்த ஒரு பயணம் நடக்காம போயிருந்தா இவரும் சாலிங்ல யாரோ ஒருத்தர் நிலத்துல உழுதுட்டு செத்திருப்பாரு, நமக்கு பேரே தெரிஞ்சிருக்காது. அந்த சட்டத்த கடைசில எடுத்தது 1788 ஜூன் 20ம் தேதி, அப்போ இவருக்கு வயசு 62, கையில பெரிய எஸ்டேட்டுங்க.

கோபன்ஹேகன்ல எப்படி இவ்வளவு பணம் சேர்ந்துச்சு?

1750கள்ல கோபன்ஹேகன் வந்து தியூகசன்னு ஒருத்தரோட கூட்டு சேர்ந்து "ரூபெர்க் அண்ட் தியூகசன்"னு கம்பெனி ஆரம்பிச்சாரு, பிறகு தனியா போயிட்டாரு. அவரோட திறமைய குறைச்சு சொல்லல, ஆனா நேரம் பிரமாதமான நேரம்.

விஷயம் என்னன்னா இங்கிலாந்தும் பிரான்ஸும் உலகம் முழுக்க அடிச்சுக்கிட்டு இருந்தாங்க. 1756லேர்ந்து 1763 வரைக்கும் ஏழாண்டுப் போர், அதுக்கப்புறம் அமெரிக்க விடுதலைப் போர், அதுல 1778ல பிரான்ஸ் குதிச்சது, அடுத்து ஸ்பெயின், அடுத்து டச்சுக்காரங்கன்னு வரிசையா இறங்கினாங்க. சண்டை போடுற நாட்டோட கப்பல் கடல்ல போனா எதிரி புடிச்சிடுவான், சரக்கும் போச்சு கப்பலும் போச்சு. டென்மார்க் எந்தப் பக்கமும் சேரல. அதனால டேனிஷ் கொடி பறக்குற கப்பல்ல சரக்கு போட்டா ஓரளவு பத்திரம். டச்சு வியாபாரி, பிரெஞ்சு வியாபாரி எல்லாரும் கோபன்ஹேகன்ல ஒரு ஆளைப் புடிச்சு அவர் பேர்ல பேப்பர் போட்டு கப்பல ஓட்டினாங்க. காப்பீடு, கமிஷன், கிடங்கு வாடகை, கப்பல் வாடகைன்னு ஒவ்வொரு படியிலயும் டேனிஷ்காரனுக்கு காசு. இந்த காலத்த டேனிஷ் சரித்திரத்துல செழிப்பான வணிக காலம்னு சொல்வாங்க, 1775லேர்ந்து 1807 வரைக்கும்னு பொதுவா கணக்கு.

ரூபெர்க் எல்லா பக்கமும் சரக்கு ஓட்டினாரு. மேற்கிந்தியத் தீவு சர்க்கரை, பால்டிக் பக்கம், வடக்குல ஃபேரோ தீவுகள்னு. இந்தியா, சீனா பக்கம் வியாபாரம் பண்ண டேனிஷ் ஆசியாட்டிக் கம்பெனி நிர்வாகத்துலயும் இவருக்கு கை இருந்துச்சு. ராஜா கிட்டேர்ந்து "கான்ஃபெரன்ஸ்ரோட்"னு பெரிய பட்டமும் வந்துச்சு.

இவரு கடத்தல்காரரா? ஃபேரோ தீவு கதை உண்மையா?

உண்மைதான், எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதியும் இதுதான், கொஞ்சம் நீளமா சொல்றேன்.

அந்தக் காலத்துல இங்கிலாந்துல டீ மேல வரி சில வருஷங்கள்ல நூறு சதவீதத்த தாண்டி இருந்துச்சு. ரம், பிராந்தி, புகையிலை எல்லாத்துக்கும் இதே கதி. வரி அவ்வளவு இருந்தா என்ன நடக்கும், ஊரே கடத்தல் டீதான் குடிச்சுது. ஐரிஷ் கடல் நடுவுல மேன் தீவுன்னு ஒண்ணு இருக்கு, அது அப்போ இங்கிலாந்து சுங்கத்துக்கு வெளிய, ஒரு பிரபுக் குடும்பத்து கையில. கடத்தல்காரங்களுக்கு கிடங்கே அதுதான். சரக்க சட்டப்படி அங்க கொண்டு வந்து இறக்கி வச்சுட்டு, ராத்திரி சின்ன படகுல இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, அயர்லாந்து கரைக்கு கொண்டு போவாங்க. பார்த்துப் பார்த்து கடுப்பான இங்கிலாந்து அரசாங்கம் 1765ல 70,000 பவுண்டு குடுத்து அந்த பிரபு கிட்டேர்ந்து உரிமையவே வாங்கி கடைய மூடிட்டாங்க.

இப்போ கடத்தல்காரனுக்கு வேற கிடங்கு வேணும். பக்கத்துல இருக்கணும், இங்கிலாந்து கையில இருக்கக் கூடாது. மேப்ப எடுத்து பாருங்க, ஸ்காட்லாந்துக்கு மேல, ஷெட்லாண்ட தாண்டி, 300 கிலோமீட்டர் சொச்சத்துல ஃபேரோ தீவுங்க, டென்மார்க் ராஜாவோட சொத்து. ரூபெர்க் 1767ல அந்தத் தீவுங்களோட தலைநகர் தோர்ஷ்ஹவ்ன்ல கிடங்கு போட்டு ஆரம்பிச்சிட்டாரு. மேன் தீவுக் கடை மூடி ரெண்டே வருஷம், இவருக்கு மூக்குல வேர்த்திருக்கு.

சட்டப்படி பார்த்தா இவர் மேல எந்தத் தப்பும் இல்ல. டேனிஷ் துறைமுகத்துக்கு சரக்கு கொண்டு வராரு, டேனிஷ் அரசாங்கத்தோட அனுமதியோட வைக்கிறாரு, அங்க வந்து காசு குடுக்குறவனுக்கு விக்கிறாரு. வாங்கினவன் அத எங்க கொண்டு போறான்னு இவரு கேட்க மாட்டாரு, அவ்வளவுதான். கடத்தல் அந்தப் படகு ஸ்காட்லாந்துக் கரையத் தொடும்போதுதான் ஆரம்பிக்குது. ஆசியாட்டிக் கம்பெனி கான்டன்லேர்ந்து கொண்டு வந்த சீன டீல பெரும்பங்கு டென்மார்க்ல யாரும் குடிச்சது இல்ல, இப்படி சுத்தி சுத்தி பிரிட்டிஷ்காரன் கோப்பைக்குத்தான் போச்சு. "கடத்தல்காரர்"னு சொன்னா கோவிச்சிருப்பாரு, ஆனா கடத்தல் இல்லாம அந்த கிடங்குக்கு ஒரு நாள் வேலை கூட இருந்திருக்காது.

அதனால ஃபேரோ மக்களுக்கு நல்லது நடந்துச்சா?

நடந்துச்சு, அப்புறம் கெட்டதும் நடந்துச்சு.

அந்தத் தீவுங்கள்ல அப்போ மொத்த ஜனத்தொகையே 5,000 சொச்சம்தான். வியாபாரம் முழுக்க ராஜாவோட ஏகபோகம், 1709லேர்ந்து 1856 வரைக்கும் அப்படித்தான். கம்பளிக் காலுறை பின்னி அரசுக் கடையில குடுத்துட்டு தானியம் வாங்கிட்டு போகணும், விலை அவங்க சொல்றதுதான். தோர்ஷ்ஹவ்ன்ல நிலம் இல்லாத ஏழைங்கதான் அதிகம். அந்த ஊருக்குள்ள திடீர்னு கப்பல் கப்பலா சரக்கு, பீப்பாய் உருட்ட ஆள் வேணும், படகுல ஏத்த ஆள் வேணும், பீப்பாய் கட்ட தச்சன் வேணும், காவலுக்கு ஆள் வேணும், கூலி கையில காசா வருது. காசுங்கறதையே அதிகம் பார்க்காத ஊரு. வெளிநாட்டு மாலுமிங்க வந்து போனாங்க, உலகத்துல என்ன நடக்குதுன்னு காதுல விழுந்துச்சு.

இன்னொண்ணும் பண்ணினாரு. காட் மீன பிளந்து உப்பு போட்டு பாறை மேல காய வச்சு கருவாடா ஆக்குற தொழில அங்க கொண்டு வர முயற்சி பண்ணாரு. அதுக்கு முன்னாடி அங்க மீன உப்பு இல்லாம காத்துல தொங்க விட்டு காய வைக்கிறதுதான் பழக்கம். 19ம் நூற்றாண்டுல ஃபேரோவோட பொருளாதாரமே இந்த உப்புக் கருவாட்டு மேலதான் நின்னுச்சு, தென் ஐரோப்பாவுக்கு போச்சு. அது முழுக்க இவரால வந்ததுன்னு சொன்னா மிகை, ஆனா முதல்ல தொட்டுப் பார்த்தவங்கள்ல இவரு ஆளுங்களும் உண்டு.

அப்புறம் 1783ல போர் முடிஞ்சுது. 1784ல இங்கிலாந்து டீ வரிய 119 சதவீதத்துலேர்ந்து ஒரேயடியா 12.5 சதவீதத்துக்கு இறக்கிட்டாங்க. கடைல நல்ல டீ மலிவா கிடைக்கும்போது ராத்திரி கடல்கரையில நின்னு கடத்தல் டீ யாரு வாங்குவா? 1788ல தோர்ஷ்ஹவ்ன் கிடங்கு மூடியாச்சு. இருபது வருஷத்துக்கு மேல அந்தக் கூலிய நம்பி வளர்ந்த ஊரு அப்படியே காலியா உக்காந்துச்சு, விவசாயத்துக்கு திரும்பிப் போக நிலமும் கிடையாது. லண்டன்ல ஒரு வரி மாறினதுக்கு தோர்ஷ்ஹவ்ன்ல பட்டினி. ரூபெர்க்குக்கு இது கணக்குப் புத்தகத்துல ஒரு பக்கம் முடிஞ்ச மாதிரி, அவருக்கு வேற பத்து தொழில் இருந்துச்சு.

அடிமை வணிகத்துல இவருக்கு பங்கு இருந்துச்சா?

இருந்துச்சு. 1781ல "பால்டிக் கினியா வணிகக் கம்பெனி"ன்னு ஒண்ணு கோபன்ஹேகன்ல ஆரம்பிச்சாங்க, அதோட இயக்குநர்கள்ல இவரும் ஒருத்தர். இப்போ கானா நாட்டுல இருக்கற அக்ரா பக்கம் டேனிஷ்காரங்களுக்கு கிறிஸ்டியன்ஸ்போர்க்னு கோட்டை இருந்துச்சு, அங்கேர்ந்து ஆப்பிரிக்கர்கள வாங்கி மேற்கிந்தியத் தீவுகள்ல டென்மார்க் கையில இருந்த செயின்ட் குரோய், செயின்ட் தாமஸ், செயின்ட் ஜான் தீவுக் கரும்புத் தோட்டங்களுக்கு கொண்டு போறது அந்தக் கம்பெனி வேலைகள்ல ஒண்ணு. டேனிஷ் கொடி கப்பல்கள்ல மொத்தமா ஒரு லட்சத்துக்கும் மேல மனுஷங்கள அட்லான்டிக்ல ஏத்தியிருக்காங்க, அதுல கரை சேராம கப்பல்லயே செத்தவங்களும் அடக்கம்.

"அவரு கையால சாட்டை புடிக்கலயே, மீட்டிங்ல உக்காந்து கையெழுத்துதான போட்டாரு"ன்னு சிலர் சொல்வாங்க. சாட்டை புடிச்சவனுக்கு சம்பளம் குடுத்ததே அந்தக் கையெழுத்துதான். இவரு நேரடியா அடிமைக் கப்பல்ல நின்னாரா இல்லையாங்கறது எனக்கு பெரிய கேள்வியா படல.

டென்மார்க் 1792 மார்ச் 16ல அடிமை வணிகத்த நிறுத்த உத்தரவு போட்டுச்சு, ஐரோப்பால முதல்ல செஞ்ச நாடுன்னு பெருமையா சொல்வாங்க, ஆனா அமலுக்கு வந்தது 1803 ஆரம்பத்துலதான். நடுவுல இருந்த பத்து வருஷத்துல தோட்டக்காரங்க வேணுங்கற ஆள இறக்கிக்கட்டும்னு விட்டாங்க, கடன் கூட குடுத்தாங்க. அடிமை முறையே ஒழிஞ்சது 1848ல. அந்த மூணு தீவுகள 1917ல அமெரிக்காவுக்கு வித்துட்டாங்க.

தரங்கம்பாடிக்கும் இவருக்கும் சம்பந்தம் உண்டா?

இவரு கோபன்ஹேகன் ஆபீஸ் ஆளு, நம்ம பக்கம் கப்பல் ஏறி வந்து வியாபாரம் பண்ணவர் இல்ல. ஆனா சம்பந்தம் உண்டு.

தரங்கம்பாடி 1620லேர்ந்து டேனிஷ்காரங்க கையில, தஞ்சாவூர் ரகுநாத நாயக்கர் குடுத்த இடம். 1732லேர்ந்து அத நடத்தினது ஆசியாட்டிக் கம்பெனி, 1777ல ராஜாவே நேரடியா எடுத்துக்கிட்டாரு, 1845ல வங்காளத்துல இருந்த செராம்பூரோட சேர்த்து 12.5 லட்சம் ரூபாய்க்கு பிரிட்டிஷ் கம்பெனிக்கு வித்துட்டாங்க. சோழ மண்டலக் கரையில நெசவாளிங்க நெய்ஞ்ச பருத்தித் துணி மூட்டை மூட்டையா கோபன்ஹேகன் போச்சு. அங்க ஏலத்துல வித்ததுல ஒரு பங்கு திரும்பக் கப்பலேறி மேற்கு ஆப்பிரிக்காவோட கினியாக் கரைக்கு போச்சு, ஏன்னா அங்க மனுஷங்கள வாங்க குடுத்த சரக்குல இந்தியத் துணிக்குத்தான் நல்ல மதிப்பு. நம்ம ஊர் தறியில நெய்ஞ்ச துணி என்ன விலைக்கு, எதுக்கு மாத்தப்பட்டுச்சுன்னு அத நெய்ஞ்சவருக்கு தெரிஞ்சிருக்க வாய்ப்பே இல்ல. தரங்கம்பாடி கோட்டைய சுத்திப் பார்க்கப் போறவங்க இத யோசிச்சுக்கிட்டே சுத்தினா நல்லது, அங்க இருக்கற போர்டுங்கள படிச்சா பாதிரியாருங்களும் அச்சுக்கூடமும் மட்டும்தான் மனசுல நிக்குது.

சரி, "கொடையாளி"ன்னு ஏன் சொல்றாங்க? என்ன செஞ்சாரு?

1774ல அரசாங்கம் தெற்கு சீலாண்ட்ல வோர்டிங்போர்க் பக்கம் இருந்த குதிரைப்படை நிலங்கள துண்டு துண்டா ஏலத்துல விட்டுச்சு. அதுல ஓபியர்கோர்ங்கற எஸ்டேட்ட ரூபெர்க் வாங்கினாரு, அதுலதான் கோங்ங்கற கிராமம். நிலம் வாங்கி பெரிய மனுஷனா ஆகிற ஆசை எல்லா பணக்கார வியாபாரிக்கும் இருந்துச்சு, பெரும்பாலானவங்க மாளிகை கட்டி தோட்டம் போட்டு உக்காந்துட்டாங்க. இவரு அங்க லினன் ஃபேக்டரி போட்டாரு.

ஃபேக்டரின்னா புகை போக்கி, எந்திரம்னு நினைக்காதீங்க. பெரும்பாலான வேலை வீட்டுத் திண்ணையில நடந்துச்சு. குடியானவங்க வயல்ல ஆளிச் செடி போடணும், வீட்டுப் பொம்பளைங்களும் குழந்தைங்களும் நூல் நூற்கணும், அதுக்கு நூற்பு சொல்லித்தர பள்ளிக்கூடம், நெய்யறதுக்கு தேர்ந்த நெசவாளிங்க, கடைசில கோபன்ஹேகன்ல விக்க ஏற்பாடு. குளிர்காலத்துல விவசாய வேலை இல்லாம அடைஞ்சு கிடக்குற நாலஞ்சு மாசத்துக்கு கூலி வந்துச்சு, அதுதான் முக்கியம். நிலம் இல்லாத குடிசைக்காரங்க, விதவைங்க, கிழவிங்க, இவங்களால வயல் வேலை செய்ய முடியாது, ராட்டை முன்னாடி உக்கார முடியும்.

பண்ணையாரா குடியானவங்க மேல இருந்த ஊழிய வேலை (பண்ணையாருக்கு கட்டாயமா செய்யற வேலை) விஷயத்துலயும் இவர் மத்தவங்கள விட முன்னாடி இருந்தாரு. சீர்திருத்தத்துக்கு ஆதரவான முதலாளிங்க வரிசையிலதான் இவர் பேர் வரும். கட்டாயப்படுத்தி வாங்குற வேலை உருப்படாதுன்னு வியாபாரிக்கு தெரியாதா என்ன. கூடவே, தன் அப்பாவும் அப்படி ஒருத்தர் நிலத்துலதான் வேலை செஞ்சாருங்கறது அடிமனசுல இருந்திருக்கும்னு நான் நினைக்கிறேன்.

லினன் எப்படி செய்வாங்க? அதுல என்ன அவ்வளவு கஷ்டம்?

இத தெரிஞ்சுக்காம கோங் கதை புரியாது. ஆளி விதைன்னு இப்போ டயட் கடையில விக்கிறாங்களே, அதே செடிதான், நாருக்காக வளர்க்கறது உசரமா ஒல்லியா வளரும். அறுக்க மாட்டாங்க, வேரோட புடுங்குவாங்க, இல்லன்னா நாரோட நீளம் குறையும். பெரிய சீப்பு மாதிரி இருக்கறதுல இழுத்து விதைய உதிர்த்துட்டு, தண்டக் கட்டி குட்டைத் தண்ணில போட்டு அழுக விடுவாங்க. ரெண்டு நாள் முன்னாடி எடுத்தா நார் தண்ட விட்டு பிரியாது, ரெண்டு நாள் லேட்டா எடுத்தா நாரே வீணா போயிடும். நாத்தம் ஊரத் தூக்கும், அந்தத் தண்ணிய ஆத்துல விட்டா மீன் செத்து மிதக்கும்.

அப்புறம் காய வச்சு, மரக் கட்டையால தண்ட நொறுக்கி, தட்டி சக்கைய எடுத்து, ஆணி அடிச்ச பலகையில திரும்பத் திரும்ப இழுத்தா நீளமான பளபள நார் ஒரு பக்கம், குட்டை நார் ஒரு பக்கம். நீள நார்தான் நல்ல துணிக்கு, குட்டை நார் சாக்குக்கும் முரட்டுத் துணிக்கும். நூற்கும்போது விரல ஈரம் பண்ணிக்கிட்டே இருக்கணும், காஞ்ச விரல்ல நூத்தா நூல் பிசிறு பிசிறா வரும். அதனால எச்சில் தொட்டுத் தொட்டு நூத்து பொம்பளைங்களுக்கு உதடும் விரலும் வெடிச்சுக் கிடக்கும். நெய்ஞ்ச துணி பழுப்பா இருக்கும், அத புல்வெளியில விரிச்சு தண்ணி தெளிச்சு தெளிச்சு வெயில்ல வாரக்கணக்குல போட்டாத்தான் வெள்ளை வரும். டென்மார்க் வெயில நினைச்சுப் பாருங்க.

அவ்வளவும் முடிஞ்சு பணக்கார வீட்டு மேசை விரிப்பா, டமாஸ்க் பூவேலைத் துணியா கோபன்ஹேகன்ல விலை போச்சு. அதுக்கு முன்னாடி நல்ல லினன்னா ஜெர்மன் பக்கத்துலேர்ந்தும் ஹாலந்துலேர்ந்தும்தான் வரணும். காசு வெளிய போகக் கூடாது, உள்நாட்டுலயே செய்யணும்ங்கறது அப்போ அரசாங்கக் கொள்கை, அதனால கோங் ஃபேக்டரிக்கு மேலிடத்துலயும் நல்ல பேரு.

அப்போ இது தர்மமா, இல்ல வியாபாரமா?

அவருக்கு அந்தக் கோடு இருந்த மாதிரியே தெரியல. அந்தக் காலத்து ஆளுங்க நம்பினது, ஏழைக்கு காசு குடுத்தா கெட்டுப் போவான், வேலை குடுத்தா நிமிருவான்னு. இதுல நல்லதும் இருக்கு, ஆபத்தும் இருக்கு. குழந்தைங்கள ராட்டை முன்னாடி உக்கார வைக்கிறத அன்னிக்கு தர்மம்னு பாராட்டினாங்க, இன்னிக்கு சட்டப்படி குற்றம். ஆனா பண லாபத்துக்குன்னா ரூபெர்க் இதைத் தொட்டிருக்கவே மாட்டாரு. ஒரே ஒரு டீக் கப்பல் தர்ற லாபத்துக்கு முன்னாடி கிராமத்து நூல் கணக்கு எந்த மூலைக்கு? எனக்கு அவர் செஞ்சதுல மரியாதை வர்ற இடம் கோங்தான், அந்த மரியாதைய குடுக்கும்போதே ராட்டை வாங்கின காசு எந்தக் கப்பல்லேர்ந்து வந்துச்சுன்னும் தெரிஞ்சுதான் குடுக்குறேன்.

அந்த பிரபலமான ஓவியத்துல இருக்கறது இவர்தானா?

இவரேதான். யென்ஸ் யூல்னு அந்தக் காலத்து டென்மார்க்கோட பெரிய ஓவியர், 1797ல வரைஞ்சது, இப்போ கோபன்ஹேகன் தேசியக் கலைக்கூடத்துல இருக்கு. சுவரையே அடைக்கிற பெரிய சைஸ். மூணு பேர்: வயசான நீல்ஸ் ரூபெர்க், மகன் யொஹான் கிறிஸ்டியன், மருமகள் எங்கெல்கே. இடம் ஃபியூன் தீவுல இருந்த ஹாகன்ஸ்கோவ் எஸ்டேட், அப்போ அதுக்கு ஃப்ரெடரிக்ஸ்காவேன்னு பேரு, அதுவும் ரூபெர்க் சொத்து. பெரியவர் உக்காந்திருக்காரு, மகன் நின்னுக்கிட்டு பின்னாடி விரியுற நிலத்த கை நீட்டிக் காட்டுறாரு.

கப்பல் இல்ல, பீப்பாய் இல்ல, கணக்குப் புத்தகம் இல்ல, கடலே கண்ணுல படாத அளவுக்கு மரமும் புல்லும்தான். பரம்பரை நிலப்பிரபுக் குடும்பம் மாதிரி நிக்குறாங்க, அந்த மகன்தான் இந்தக் குடும்பத்துல பணக்காரனா பிறந்த முதல் ஆள்ங்கறது தெரியாதவன் பார்த்தா நம்பவே மாட்டான். ஓவியமா பிரமாதம். அதுல என்ன விட்டுப் போயிருக்குன்னு பார்க்கறது இன்னும் சுவாரஸ்யம்.

இவருக்கு அப்புறம் கம்பெனி என்ன ஆச்சு?

1804ல இவர் போனாரு, சரியான நேரத்துல போனாருன்னுதான் சொல்லணும். 1807 செப்டம்பர் 2லேர்ந்து 5 வரைக்கும் பிரிட்டிஷ்காரன் கோபன்ஹேகன் மேல குண்டு மழை பொழிஞ்சான், கடற்படையவே புடிச்சுட்டுப் போயிட்டான். நடுநிலைமை போச்சு, அதோட நடுநிலைமையில வந்த காசும் போச்சு. டென்மார்க் நெப்போலியன் பக்கம் சேர்ந்து போர்ல மாட்டிச்சு, 1813 ஜனவரில அரசாங்கமே திவால், 1814ல நார்வே கைய விட்டுப் போச்சு. கோபன்ஹேகன்ல பெரிய பெரிய வியாபாரக் குடும்பங்க வரிசையா விழுந்துச்சு. ரூபெர்க் கம்பெனிய மகன் இழுத்துப் புடிச்சு ஓட்டினாரு, 1820ல அதுவும் திவால்.

மகன் மக்குன்னு சிலர் எழுதுறது அநியாயம். போர் நடக்கும்போது அடுத்தவன் சரக்க நம்ம கொடியில ஓட்டுறதுதான் அஸ்திவாரம், அந்த அஸ்திவாரத்த அப்பா இருந்திருந்தாலும் காப்பாத்தியிருக்க முடியாது. டீ வரி இறங்கினப்போ தோர்ஷ்ஹவ்ன் கிடங்கு காலியானது மாதிரி, குண்டு விழுந்தப்போ கோபன்ஹேகன் கிடங்கு காலியாச்சு. இந்த தடவை குடும்பத்துக்கு ஒதுங்க வேற தொழில் இல்ல.

இவர் பேர்ல அறக்கட்டளை ஏதாவது இப்பவும் ஓடுதா?

அதே காலத்து யொஹான் ஃப்ரெடரிக் கிளாசென கூட இவரோட சேர்த்து குழப்பிக்கிறாங்க, அதனால இந்தக் கேள்வி வருது. கிளாசென் 1725லயே பிறந்தவர், ஆனா நார்வேல, ஃப்ரெடரிக்ஸ்வேர்க்ல பீரங்கியும் வெடிமருந்தும் செஞ்சு பணக்காரரானவர், 1792ல இறந்தாரு. அவர் சொத்த எல்லாம் ஒரு அறக்கட்டளையா எழுதி வச்சாரு, அது இன்னமும் இருக்கு, நிலம் காடெல்லாம் வச்சிருக்கு. ரூபெர்க் சொத்து குடும்பத்துக்குள்ள போச்சு, கம்பெனியோட முடிஞ்சுது. நல்லது செய்யணும்னா பத்திரம் எழுதி வைக்கிறது எவ்வளவு தேவைன்னு இந்த ரெண்டு பேரையும் பக்கத்துல வச்சா தெரியும், குண்டு செஞ்சவர் காசு இன்னிக்கும் உதவித்தொகையா போகுது.

இப்போ போனா பார்க்க என்ன இருக்கு?

கோங்ல சின்ன மியூசியம் இருக்கு, லினன் ஃபேக்டரி கதைதான் அங்க முக்கியம். கோபன்ஹேகன்லேர்ந்து தெக்க போற ரயில்ல நெஸ்ட்வெட் தாண்டி லுண்ட்பியூ ஸ்டேஷன்ல இறங்கினா பக்கம்தான். ஓவியத்த கோபன்ஹேகன் தேசியக் கலைக்கூடத்துல பார்க்கலாம், ஆனா மாட்டியிருக்கற படங்கள அப்பப்போ மாத்துவாங்க. தோர்ஷ்ஹவ்ன்ல டிங்கானெஸ் பழைய பகுதி, சிவப்பு பெயின்ட் அடிச்ச மரக் கட்டிடம், கூரை மேல புல்லு, இப்போ ஃபேரோ அரசாங்க ஆபீஸுங்க அங்கதான். வெளிய சுத்திப் பார்க்க காசு கிடையாது. கோங் மியூசியம் சின்னது, வருஷம் முழுக்க திறந்திருக்கும்னு நம்பிக் கிளம்பாதீங்க, தேதி பார்த்துட்டு டிக்கெட் போடுங்க.